மேட்ச் முடிஞ்சதும் கல்லா கட்டுங்க

இந்த வாரம் எஸ்ஐபி இல்லை, டேர்ம் இன்ஷூரன்ஸ் இல்லை. கேம் ரெக்கார்டிங். "அக்காவுக்கு என்ன ஆச்சு"ன்னு யோசிக்காதீங்க. மேட்ச் வீடியோக்களை அழிக்காம விட்டதால ஒரு பையனுக்கு 14,600 ரூபாய் போச்சு. அந்தக் கணக்கைத்தான் இன்னைக்குப் போடப் போறேன்.

பையன் வேற யாரும் இல்லை, என் சித்தி பையன். சோழிங்கநல்லூர்ல ஐடி வேலை. ராத்திரி ஆனா பிஜிஎம்ஐ. சும்மா பொழுதுபோக்குக்கு ஆடுறவன் இல்லை, நாலு பேர் சேர்ந்து ஸ்குவாடா ஆன்லைன் போட்டிகளுக்குப் பேர் கொடுக்கிற அளவுக்கு ஆடுறவன். 2023-24 நிதியாண்டுல ஒரு சின்னப் போட்டியில பரிசு அடிச்சாங்க. இவன் பங்கு 12,000 ரூபாய். நடத்தினவங்க 30% டி.டி.எஸ். பிடிச்சு, 3,600 போக 8,400 ரூபாய் அக்கவுண்ட்ல போட்டாங்க. இது வரைக்கும் எல்லாம் சரி.

இந்த மாதிரி ஆன்லைன் போட்டிகள்ல பலதுல ஒரு விதி உண்டு. ஆடுறவங்க தங்கள் திரையை முழுசா ரெக்கார்ட் பண்ணி வெச்சிருக்கணும். 'பிஓவி'ன்னு சொல்வாங்க. யாராவது "இவன் ஹேக் போட்டான்"னு புகார் கொடுத்தா, மேட்ச் முடிஞ்சு குறிப்பிட்ட நேரத்துக்குள்ள அந்த வீடியோவைக் கொடுக்கணும். கொடுக்கலைன்னா டீமையே நீக்கலாம். அதனால நம்ம ஆளு எல்லா மேட்சையும் ஃபோன்ல ரெக்கார்ட் பண்ணினான். ஃபோன்ல ஆட்டோ பேக்கப் ஆன்ல இருந்ததால அது எல்லாம் அப்படியே அவன் மெயில் கணக்கோட ஸ்டோரேஜுக்குப் போச்சு. போட்டி முடிஞ்சது, பரிசு வந்தது, வீடியோ மட்டும் அங்கேயே கிடந்தது.

2024 ஜூலையில ரிட்டர்ன் போட்டான். அவனே போட்டான், என்கிட்ட வரலை. (வீட்டுல ஒரு சி.ஏ. இருந்தா யாரும் அவங்ககிட்ட வர மாட்டாங்க. பக்கத்து வீட்டு டாக்டர்கிட்ட நாம போறோமா?) பழைய வரி முறையைத் தேர்ந்தெடுத்திருந்தான். வாடகைப் படி, பி.எஃப்., எல்.ஐ.சி. எல்லாம் காட்டி 21,000 ரூபாய் ரீஃபண்ட். ஆனா ஒரு தப்பு. அந்த 3,600 டி.டி.எஸ்.ஸை எனக்குக் கழிச்சுக் கொடுங்கன்னு கேட்டவன், 12,000 பரிசை வருமானமா காட்டலை. வரியைக் கேட்கிறே, வருமானம் எங்கேன்னு துறை கேட்கும்தானே? கேட்டாங்க. குறையுள்ள ரிட்டர்ன்னு செப்டம்பர்ல நோட்டீஸ். பதில் சொல்ல 15 நாள். பத்து நிமிஷ வேலை அது.

நோட்டீஸ் மெயில்ல வரும். மெயில் பெட்டியில இடம் இல்லை.

எஸ்எம்எஸ் வந்துச்சு. அவன் அதை மோசடின்னு நினைச்சு விட்டுட்டான். வருமான வரின்னு பேர் போட்டு வர்ற மெசேஜ்ல எது நிஜம் எது போலின்னு எனக்கே ரெண்டு தடவை பார்க்க வேண்டியிருக்கு, அவனைத் திட்ட எனக்கு மனசு வரலை. டிசம்பர் மூணாவது வாரம்தான், "அக்கா, எல்லாருக்கும் ரீஃபண்ட் வந்துடுச்சு, எனக்கு வரலை"ன்னு ஃபோன் பண்ணினான். போர்ட்டல்ல நுழைஞ்சு பார்த்தேன். பதில் தராததால ரிட்டர்ன் செல்லாதுன்னு ஆகியிருந்தது. அதாவது, சட்டத்தோட பார்வையில அவன் ரிட்டர்னே போடலை.

தாமதத்தை மன்னிக்கச் சொல்லி விண்ணப்பிக்கலாம். ஆனா அது அதிகாரி முடிவு, எப்ப வரும்னு சொல்ல முடியாது. தாமத ரிட்டர்ன் போட டிசம்பர் 31 கடைசி, காத்திருக்க நேரம் இல்லை. டிசம்பர் 28 அன்னைக்குப் போட்டோம். தாமதக் கட்டணம் 5,000. அதைவிடப் பெரிய அடி இன்னொண்ணு. நம்ம மாதிரி சம்பளக்காரங்க பழைய வரி முறை வேணும்னா கெடு தேதிக்குள்ள போடுற ரிட்டர்ன்லதான் கேட்க முடியும். தாமதமா போட்டா புதிய முறை மட்டும்தான். வாடகைப் படி போச்சு, எல்.ஐ.சி. கழிவு போச்சு. பரிசுப் பணத்துக்கு 4% செஸ், 144 ரூபாய், அது தனி. எல்லாம் கழிச்சு வந்த ரீஃபண்ட் 6,400. வர வேண்டியது 21,000.

ஜெயிச்சது கையில 8,400. தோத்தது 14,600. அந்த வீடியோக்களை அவன் ஒரு தடவைகூடத் திரும்பப் போட்டுப் பார்க்கலை. யாரும் அவன்கிட்ட கேட்கவும் இல்லை.

இதுல எனக்கு ஒரு கருத்து இருக்கு, கொஞ்சம் கண்டிப்பாவே சொல்றேன். ரெக்கார்ட் பண்றதுக்குக் காசு ஆகாது. வெச்சுக்கிறதுக்குத்தான் காசு ஆகும். அதனால எதை வெச்சுக்கிறதுன்னு மேட்ச் முடிஞ்ச அன்னைக்கு ராத்திரியே முடிவு பண்ணணும். மளிகைக் கடையில ஷட்டர் இறக்கும் முன்னாடி கல்லா கட்டுவாங்க இல்லையா, அது மாதிரி. "நாளைக்கு எண்ணிக்கலாம்"னு விட்ட கடைக்காரரை நான் பார்த்திருக்கேன், ஆடிட்டுக்குப் போகும்போது.

சைஸ் கணக்கு ஒண்ணு கத்துக்கோங்க. ரெக்கார்டர் செட்டிங்ல பிட்ரேட்னு ஒரு எண் இருக்கும், எம்பிபிஎஸ்ல. அதை 0.45 ஆல பெருக்கினா ஒரு மணி நேரத்துக்கு எத்தனை ஜிபின்னு வந்துடும். 12 எம்பிபிஎஸ்னா மணிக்கு 5.4 ஜிபி. பிசியில 50 எம்பிபிஎஸ் வெச்சிருந்தா மணிக்கு 22.5 ஜிபி. எராங்கல் மேப்ல கடைசி வட்டம் வரைக்கும் நின்னா ஒரு மேட்ச் அரை மணி நேரம்னு வைங்க, 12 எம்பிபிஎஸ்ல அது 2.7 ஜிபி. கூகுள் இலவசமா தர்றது 15 ஜிபி. ஜிமெயில், டிரைவ், போட்டோஸ் மூணுக்கும் சேர்த்து அவ்வளவுதான். மூணு குடித்தனத்துக்கு ஒரே தண்ணித் தொட்டி மாதிரி. ஆறாவது மேட்ச் முடியும் முன்னாடி தொட்டி நிரம்பிடும். நிரம்பினா புது மெயில் வராது, உங்களால அனுப்பவும் முடியாது. ஃபார்ம் 16, வேலை ஆஃபர், பேங்க் ஸ்டேட்மென்ட், துறை நோட்டீஸ் எல்லாம் அந்தத் தொட்டிக்குத்தான் வரணும்.

"அப்போ பெரிய பிளான் வாங்கிட்டா?" இதைத்தான் நிறைய பேர் செய்றீங்க. உங்க ஸ்டேட்மென்ட்டை எல்லாம் பார்க்கிறவ நான், எனக்குத் தெரியும். மாசம் 650 ரூபாய்ல 2 டிபி பிளான்னு வைங்க. வருஷத்துக்கு 7,800. அஞ்சு வருஷத்துல 39,000. தினம் ரெண்டு மணி நேரம், மாசம் 20 நாள் ஆடி எல்லாத்தையும் வெச்சிருந்தா மாசம் 216 ஜிபி சேரும். 2 டிபி ஒன்பது, பத்து மாசத்துல நிறைஞ்சிடும். அப்புறம் அடுத்த பிளான். இந்தச் செலவை நிறுத்துறது கஷ்டம், ஏன்னா நிறுத்தினா உள்ளே இருக்கிறதை எடுத்து வேற எங்கேயாவது வைக்கணும். அதுக்குச் சோம்பல்பட்டே வருஷக்கணக்கா கட்டுவோம். வட்டி மட்டும் கட்டிக்கிட்டு அடகு நகையை மீட்காம விடுற மாதிரிதான். ஒரு வித்தியாசம், அங்கே உள்ளே தங்கமாவது இருக்கு.

சரி, எப்படி ரெக்கார்ட் பண்றது? முழு மேட்சும் வேண்டாம். 'நடந்து முடிஞ்சதைச் சேமி'ங்கிற வசதி இன்னைக்கு எல்லா இடத்துலயும் இருக்கு. கருவி பின்னணியில ஓட்டிக்கிட்டே இருக்கும், பழசை அழிச்சுக்கிட்டே போகும். நல்ல ஆட்டம் வந்தா ஒரு பட்டன், கடைசி சில நிமிஷம் மட்டும் ஃபைலா விழும். என்விடியா கிராஃபிக்ஸ் கார்டு இருந்தா இன்ஸ்டன்ட் ரீப்ளேயை ஆன் பண்ணி வெச்சுட்டு ஆல்ட், எஃப்10. விண்டோஸ் கேம் பார்ல பின்னணி ரெக்கார்டிங்கை ஆன் பண்ணிட்டு விண்டோஸ் பட்டன், ஆல்ட், ஜி. ஸ்டீம்லயே 2024ல இருந்து இந்த வசதி இருக்கு. பிஎஸ்4ல கடைசி 15 நிமிஷம் தானா நிக்கும், பிஎஸ்5ல ஒரு மணி நேரம் வரைக்கும் பின்னாடி போய் எடுக்கலாம். ஓபிஎஸ் ஸ்டுடியோ முழு இலவசம், அதுல ரீப்ளே பஃபர்னு பேரு. ஆனா ஒவ்வொரு தடவையும் அதை ஸ்டார்ட் பண்ண மறக்கக் கூடாது. மறந்துட்டு, மேட்ச் முடிஞ்சதும் பட்டனைப் போட்டு அமுக்கினா ஒண்ணும் விழாது. ஓபிஎஸ்ல முழுசா ரெக்கார்ட் பண்ணுறவங்க எம்கேவி ஃபார்மட்ல வைங்க. நடுவுல கரண்ட் போனாலும் அது வரைக்கும் பதிவானது தப்பிக்கும். சாதாரண எம்பி4னா பல நேரம் ஃபைலே திறக்காது. நம்ம ஊர்ல யுபிஎஸ் இல்லாத வீட்டுக்கு இது முக்கியம்.

இந்த முறையில கணக்கு எப்படி மாறுதுன்னு பாருங்க. வாரம் மூணு கிளிப், ஒவ்வொண்ணும் 40 செகண்ட், 12 எம்பிபிஎஸ்ல சுமார் 60 எம்பி. வருஷத்துக்கு 156 கிளிப், 9.4 ஜிபி. ஒரு 64 ஜிபி பென் டிரைவ்ல ஆறு வருஷ ஆட்டம் அடங்கிடும். பிளானும் வேண்டாம், மாசாமாசம் கார்டுல வெட்டவும் வேண்டாம்.

போட்டி ஆடுறவங்களுக்கு மட்டும் பிஓவி முழுசா வேணும், அதுல சமரசம் இல்லை. ஆனா அதுக்கு ஆயுள் இருக்கு. முடிவு அறிவிச்சு, புகார் நேரம் முடிஞ்சு, பரிசு அக்கவுண்ட்ல விழுற வரைக்கும். அது வரைக்கும் ஃபோன்லயோ ஹார்டு டிஸ்க்லயோ வைங்க, மெயில் கணக்கோட சேர்ந்த இடத்துல வைக்காதீங்க. விழுந்த அன்னைக்கு அழிச்சுடுங்க. வருமான வரிக்கு அந்த வீடியோ எந்தச் சாட்சியும் இல்லை. எனக்கு வேண்டியது முடிவுப் பட்டியலோட ஸ்கிரீன்ஷாட், பேங்க்ல பணம் வந்த வரி, டி.டி.எஸ். சான்றிதழ், 26ஏஎஸ். மொத்தம் 2 எம்பிகூட வராது. இதை மட்டும் எட்டு வருஷம் பத்திரமா வைங்கன்னு சொல்வேன். ஜனங்க தலைகீழா செய்றாங்க, 50 ஜிபி வீடியோ இருக்கு, டி.டி.எஸ். சான்றிதழ் எங்கேன்னா முழிக்கிறாங்க.

அப்புறம், ஆன்லைன் கேம்ல ஜெயிச்ச பணத்துக்கு நேரா 30% வரி, மேல செஸ். உங்க மொத்த வருமானம் வரி வரம்புக்குக் கீழே இருந்தாலும் இதுக்கு விலக்கு இல்லை. டி.டி.எஸ். பிடிச்சாச்சு, வேலை முடிஞ்சதுன்னு இருக்காதீங்க, ரிட்டர்ன்ல வருமானமாவும் காட்டணும். நான் பேசுறது இ-ஸ்போர்ட்ஸ் பரிசைப் பத்தி. காசு கட்டி ஆடுற ஆன்லைன் கேம்களை 2025ல வந்த சட்டம் தடை பண்ணிடுச்சு, அந்தப் பக்கமே போகாதீங்க.

இப்போ என்கிட்ட வழக்கமா வர்ற பதில்: "அக்கா, ஒருநாள் யூடியூப் சேனல் ஆரம்பிப்பேன், அப்போ இந்த ஃபுட்டேஜ் எல்லாம் வேணும்."

ஒரு நிறுவனத்தோட கணக்குல மூணு வருஷமா விக்காத சரக்கு கிடந்தா, அதை நான் சொத்துன்னு முழு மதிப்புக்குக் காட்ட விட மாட்டேன். மதிப்பைக் குறைச்சு எழுதுங்கன்னுதான் சொல்வேன். எடிட் பண்ணாத 400 மணி நேர ஃபுட்டேஜும் அப்படித்தான். யூடியூப்ல விளம்பர வருமானத்துல பங்கு வேணும்னா 1,000 சப்ஸ்கிரைபர், கூடவே 12 மாசத்துல 4,000 மணி நேரப் பார்வை, இல்லைன்னா 90 நாள்ல ஷார்ட்ஸ்ல ஒரு கோடிப் பார்வை. நானே ஒரு சேனல் நடத்துறவ, அந்த 4,000 மணி நேரம் எவ்வளவு தூரம்னு எனக்குத் தெரியும். பழைய சீசனோட மேப், பழைய துப்பாக்கி, பழைய ஸ்கின் வெச்சு அதை எட்ட முடியாது. சேனல் ஆரம்பிக்கிற அன்னைக்கு ஆடுற ஆட்டம் போதும். ஆரம்பிச்சு நிஜமாவே காசு வர ஆரம்பிச்சா அப்போ வாங்க. அது தொழில் வருமானம்னு ஆகும்போது ஐடிஆர்-1 போட முடியாது, தொழிலுக்கு உபயோகிக்கிற கம்ப்யூட்டருக்குத் தேய்மானம் கழிக்கலாம், இப்படிப் பேச நிறைய இருக்கு. ஆனா சேனலே இல்லாம, சேனலுக்காகன்னு ஒன்றரை லட்சம் ரூபாய் பிசியை இஎம்ஐ-ல வாங்காதீங்க.

"இலவசமா வைக்க இடமே இல்லையா?" இருக்கு, ஆனா நம்பி இருக்க முடியாது. யூடியூப்லயே பிரைவேட்டா ஏத்தலாம். ஃபோன் நம்பர் கொடுத்துக் கணக்கை வெரிஃபை பண்ணியிருந்தா 15 நிமிஷத்துக்கு மேல உள்ள வீடியோவும் போகும். தரம் கொஞ்சம் குறையும், நினைவுக்கு வைக்க அது போதும். ட்விச்ல லைவ் போடுறவங்க கவனிங்க, சாதாரணக் கணக்குக்குப் பழைய லைவ் 7 நாள்தான் நிக்கும். ஹைலைட் பண்ணி வெச்சா நிரந்தரம்னு நம்பிக்கிட்டு இருந்தவங்களுக்கு 2025 ஏப்ரல்ல 100 மணி நேரம்னு வரம்பு வந்துடுச்சு. இலவச இடத்தோட விதியை அவங்க எப்ப வேணா மாத்தலாம்.

கேமுக்குள்ளேயே ரீப்ளே இருக்கேன்னு விடுறவங்களும் உண்டு. அது வீடியோ இல்லை, யார் எங்கே நகர்ந்தாங்கங்கிற தகவல் மட்டும். கேம்தான் அதை வெச்சுத் திரும்ப ஆடிக் காட்டுது. அதனாலதான் சைஸ் சின்னதா இருக்கு. லீக் ஆஃப் லெஜண்ட்ஸ்ல அடுத்த பேட்ச் வந்ததும் பழைய ரீப்ளே திறக்காது. பிடிச்ச ஆட்டம்னா அன்னைக்கே ரீப்ளேயை ஓட்டி, திரையை வீடியோவா எடுத்துடுங்க.

எனக்கும் இதுல ஒரு நஷ்டம் உண்டு, அது ரூபாயில இல்லை. 2020 லாக்டவுன்ல ஆர்ட்டிகிள்ஷிப் காலத்து ஃப்ரெண்ட்ஸ் நாலு பேர் தினம் பத்து மணிக்கு பப்ஜி மொபைல். செப்டம்பர் 2 தடை வந்தது, அக்டோபர் 30ல இந்தியாவுல சேவையே நின்னுபோச்சு. கேமுக்குள்ள இருந்த புள்ளிவிவரம், மேட்ச் வரலாறு எதையும் நாங்க எடுத்து வைக்கலை. என் ஃபோன்ல மட்டும் 11 வீடியோ மிஞ்சினது. அதுல ஒருத்தி இப்போ கனடாவுல இருக்கா, ஒருத்தன்கூடப் பேச்சே இல்லை. போன பொங்கலுக்குப் போட்டுப் பார்த்தேன். ரெக்கார்டர்ல மைக் ஆஃப்ல இருந்திருக்கு. காலடிச் சத்தம் கேட்குது, துப்பாக்கி கேட்குது, நாங்க பேசினது ஒண்ணுகூட இல்லை. யார் எத்தனை பேரைச் சுட்டாங்கன்னு யாருக்கு வேணும்? அதனால அழி அழின்னு சொல்ற நானே சொல்றேன், வருஷத்துக்கு ஒரே ஒரு முழு மேட்ச், மைக்கை ஆன் பண்ணி, எல்லார் குரலும் விழுதான்னு சரிபார்த்து எடுத்து வைங்க. பேசுறவங்ககிட்ட ரெக்கார்ட் ஆகுதுன்னு ஒரு வார்த்தை சொல்லிடுங்க. இந்த ஒண்ணுக்கு ரெண்டு காப்பி, ஒண்ணு ஹார்டு டிஸ்க்ல, ஒண்ணு வேற இடத்துல. இதுக்கு இடம் வேணும்னா காசு கொடுத்துக்கூட வாங்கலாம், நான் கேள்வி கேட்க மாட்டேன்.

ஆட்டத்தைத் திருத்திக்கிறதுக்காக ரெக்கார்ட் பண்றவங்க, அடுத்த ஞாயிற்றுக்கிழமைக்குள்ள பாருங்க. அதுக்குள்ள பார்க்கலைன்னா நீங்க பார்க்கப் போறது இல்லை. அழிச்சுடுங்க.

தம்பி இப்போ ராத்திரி கடைசி மேட்ச் முடிஞ்சதும் அஞ்சு நிமிஷம் உட்கார்றான். ஒண்ணோ ரெண்டோ கிளிப்பை வெட்டிப் பேர் போட்டு வைக்கிறான், மிச்சத்தைக் குப்பைத் தொட்டியில இருந்தும் சேர்த்து அழிக்கிறான். குப்பைத் தொட்டியில கிடக்கிறதும் இடத்தை அடைக்கும், அதைப் பலர் மறக்கிறாங்க. ஸ்கிரீன் ரெக்கார்டிங் ஃபோல்டருக்கு பேக்கப்பை ஆஃப் பண்ணிட்டான். போன வருஷ ரிட்டர்னை என்கிட்ட கொடுத்தான், ஃபீஸ்தான் இன்னும் கொடுக்கலை.

இன்னைக்கு ராத்திரி நீங்க ரெண்டு விஷயம் பாருங்க. மெயில் கணக்குல ஸ்டோரேஜ் பக்கத்தைத் திறந்து பெரிய ஃபைல் எதெதுன்னு வரிசைப்படுத்துங்க. அப்புறம் வருமான வரி போர்ட்டல்ல போய், அங்கே கொடுத்திருக்கிற மெயில் ஐடி அதேதானா, நிலுவையில ஏதாவது நோட்டீஸ் நிக்குதான்னு பாருங்க. ரெக்கார்டர் செட்டிங் ஒவ்வொண்ணா எப்படி மாத்துறதுன்னு சேனல்ல வீடியோ போட்டிருக்கேன். 9 நிமிஷம், 12 எம்பிபிஎஸ்.